பாட்டுப்பெட்டி ஒன்று, காது எத்தனை? கையடக்கக் கருவியை ஆளுக்கும் ஊருக்கும் ஏற்ப அமைக்கும் முறை

சோனி நிறுவனம் 1979 ஜூலை 1 அன்று ஜப்பானில் முதல் வாக்மேனை விற்பனைக்கு விட்டபோது, அதில் ஹெட்செட் செருக இரண்டு துளைகள் இருந்தன. ஆரஞ்சு நிறத்தில் ஒரு பட்டனும் இருந்தது. அதை அழுத்தினால் பாட்டுச் சத்தம் இறங்கிவிடும். பெட்டியிலிருந்த சின்ன மைக் வழியாக இரண்டு பேரும் பேசிக்கொள்ளலாம். ஒருவர் மட்டும் காதில் மாட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பது மரியாதையாக இராது என்று நிறுவனத்தை நடத்திய அகியோ மோரிட்டா நினைத்ததால் வந்த ஏற்பாடு அது. வாங்கியவர்களோ தனியாகத்தான் கேட்டார்கள். அடுத்தடுத்த மாடல்களில் அந்தப் பட்டன் போய்விட்டது, காலப்போக்கில் இரண்டாவது துளையும் போய்விட்டது.

காவிரி டெல்டாவில் இன்றைக்கு ஒரு வீட்டுக்குப் பாட்டுப்பெட்டி வாங்கும்போதும் தீர்மானிக்க வேண்டியது இதைத்தான்: யார் கேட்கப் போகிறார்கள், பக்கத்தில் இருப்பவர் காதிலும் அது விழ வேண்டுமா, கூடாதா. ஜிபி, வாட்ஸ், விலை எல்லாம் அதற்குப் பிறகு. அப்பாயிக்கு ஹெட்செட்டும் பேரனுக்கு இருபது வாட்ஸ் ஸ்பீக்கரும் வாங்கிக் கொடுத்துவிட்டு, ஒருவர் கேட்கவே இல்லை, இன்னொருவர் தெருவையே கேட்க வைக்கிறார் என்று வருத்தப்படுவது பல வீடுகளில் நடக்கிறது.

எந்த ஆளுக்கு எந்தப் பெட்டி

வீட்டோடு இருக்கும் வயதானவருக்கு: பென் டிரைவும் மெமரி கார்டும் செருகும் சின்ன ரேடியோ. பட்டன் எவ்வளவு குறைவோ அவ்வளவு நல்லது. கடையிலேயே இரண்டு விஷயம் பார்த்துவிடுங்கள். முதலாவது பட்டன். மலிவு செட்டுகளில் அடுத்த பாட்டுக்கும் சத்தத்துக்கும் ஒரே பட்டன்தான்; தட்டினால் பாட்டு மாறும், அழுத்திப் பிடித்தால் சத்தம் ஏறும். விரல் நடுங்கும் ஒருவருக்கு இது பெரிய தொல்லை. சத்தத்துக்குத் தனியாகத் திருகு உள்ள செட்டாகப் பார்த்து வாங்குங்கள். இரண்டாவது அலைவரிசை. 'ரேடியோ உண்டு' என்று அட்டையில் போட்டிருந்தாலும் பெரும்பாலானவை பண்பலை (எஃப்எம்) மட்டும்தான் எடுக்கும். காரைக்கால் 100.3 கேட்பவருக்கு அது போதும். மத்திய அலையில் (ஏஎம்) திருச்சி வானொலி கேட்டே பழகியவருக்கு இரண்டு அலைவரிசையும் உள்ள செட் வேண்டும்.

வீட்டுக்குக் கொண்டுவந்ததும் ஓட்டும் பட்டன் மேல் ஒரு ஸ்டிக்கர் பொட்டை ஒட்டுங்கள். கண் தெரியாவிட்டாலும் விரல் கண்டுபிடித்துவிடும். 'மோடு' பட்டன் மேல் அட்டைத் துண்டு ஒன்றை வைத்து டேப் போட்டு மூடுங்கள். அது தெரியாமல் அழுந்தி ப்ளூடூத்துக்குப் போய்விட்டால், பெட்டி கெட்டுவிட்டது என்று மூலையில் வைத்துவிடுவார்கள். முதியவர் வீட்டில் பெட்டி ஊமையாகக் கிடந்தால் முக்கால்வாசி காரணம் இதுதான்.

கல்லூரிக்கும் வேலைக்கும் பஸ்ஸில் போய்வருபவருக்குப் புதிதாக எதுவும் வாங்க வேண்டாம். அலமாரியில் கிடக்கும் பழைய போனே சிறந்த பாட்டுப்பெட்டி. சிம்மை எடுத்துவிட்டு விமானப் பயன்முறையில் போடுங்கள், ஒரு பாட்டு ஆப் தவிர மற்றதை நீக்குங்கள். அழைப்பு வராது, அறிவிப்பு வராது, பாட்டு பாதியில் அறுபடாது. பேட்டரியும் நெடுநேரம் நிற்கும்.

டிராக்டர், மினி பஸ், டவுன் பஸ் ஓட்டுகிறவர்களுக்கு பென் டிரைவ்தான். கும்பகோணம் மயிலாடுதுறை வழித்தடத்தில் எந்தத் தனியார் பஸ்ஸில் என்ன பாட்டு ஓடும் என்று தெரிந்து, அதற்காகவே அடுத்த பஸ்ஸுக்குக் காத்திருப்பவர்கள் உண்டு. ஓட்டுநரின் பென் டிரைவ் அவருடைய பெயர்ப்பலகை. ஆனால் அதைக் கேட்பது அவர் மட்டுமல்ல என்பதால், கீழே சொல்லும் சத்த அளவும் பாட்டுத் தேர்வும் மற்ற எல்லோரையும்விட அவருக்குத்தான் அதிகம் பொருந்தும்.

பட்டியல் முதலில் காகிதத்தில்

எண்பதுகளிலும் தொண்ணூறுகளிலும் மன்னார்குடி, பட்டுக்கோட்டை, கும்பகோணம் என்று எல்லா ஊர்க் கடைத்தெருவிலும் கேசட் பதிவு செய்யும் கடைகள் இருந்தன. பாட்டு எழுதிய தாளையும் காசையும் கொடுத்தால் 60 அல்லது 90 நிமிட கேசட்டில் பதிந்து தருவார்கள். 60 நிமிட கேசட்டின் 'ஏ' பக்கம் முப்பது நிமிடத்துக்குள் ஆறேழு பாட்டுத்தான் அடங்கும் என்பதால் ஒவ்வொன்றையும் யோசித்து எழுத வேண்டியிருந்தது. அந்தத் தாளைப் பார்த்தாலே ஆளைச் சொல்லிவிடலாம். பிறகு மொபைல் கடைகளில் மெமரி கார்டில் ஆயிரம் பாட்டை மொத்தமாக ஏற்றிக் கொடுக்கும் பழக்கம் வந்தது. கார்டு நிறைந்தது, ஆனால் அதில் இருந்தது கடைக்காரரின் ரசனை. இப்போது போன் தானாக அடுத்த பாட்டைத் தேர்ந்தெடுத்துப் போடுகிறது. பாட்டுப்பெட்டி ஒருவருக்கு உண்மையிலேயே சொந்தமாக வேண்டுமென்றால் அந்தத் தாளுக்குத் திரும்பிப் போவதுதான் வழி. அதனால் ஒரு வெள்ளைத்தாளும் பேனாவும் எடுத்துக்கொள்ளுங்கள்.

எங்கே தொடங்குவது என்று தெரியாவிட்டால் பிறந்த ஆண்டில் தொடங்குங்கள். பத்து வயதிலிருந்து முப்பது வயதுக்குள் கேட்ட பாட்டுகள்தான் மனிதருக்கு நினைவில் ஆழமாக நிற்கின்றன, அதிலும் பதின்வயதுப் பாட்டுகள் இன்னும் ஆழமாக. பிறந்த ஆண்டோடு பத்தையும் முப்பதையும் கூட்டுங்கள். 1950-ல் பிறந்த அப்பாயிக்கு 1960 முதல் 1980 வரை. விஸ்வநாதன்–ராமமூர்த்தி இருவரும் 1965-ல் பிரிவதற்கு முந்தைய சில ஆண்டுப் பாட்டுகள் அவருடைய பத்து முதல் பதினைந்து வயதுக்குள் வந்தவை. 1965-ல் பிறந்தவருக்கு 1975 முதல் 1995. 1976-ல் அறிமுகமான இளையராஜா அவருடைய பள்ளி, கல்லூரிக் காலம் முழுவதையும் நிறைத்திருப்பார். 1985-ல் பிறந்தவருக்கு 1995-க்கு மேல். ரஹ்மான் வந்து மூன்று வருடம் ஆகியிருக்கும். இது எல்லை போடும் கணக்கல்ல, தோண்டத் தொடங்கும் இடம்.

சினிமாவோடு நின்றுவிடாதீர்கள். அவரிடம் நேராக 'உனக்கு என்ன பாட்டு பிடிக்கும்' என்று கேட்டால் 'எது போட்டாலும் சரி' என்றுதான் பதில் வரும். இடத்தை வைத்துக் கேளுங்கள். உங்கள் ஊர்த் திருவிழாவில் குழாய் ஸ்பீக்கர் கட்டியதும் முதலில் எந்தப் பாட்டுப் போடுவார்கள்? கொட்டகையில் படம் தொடங்குமுன் எது ஓடும்? கல்யாணத்துக்கு எந்த ஊர் மேளம் வந்தது? இப்படிக் கேட்டால் திருவாவடுதுறை டி.என். ராஜரத்தினம் பிள்ளையின் நாகஸ்வரம் வரும், சீர்காழி கோவிந்தராஜன் வருவார், நாகூர் ஹனிபா வருவார், வேளாங்கண்ணி கொடியேற்றத்தில் கேட்ட மாதா பாட்டு வரும். ஹனிபா பாட்டைக் கேட்டு வளர்ந்த இந்து வீடுகளும், தேவாரம் தெரிந்த கிறிஸ்தவப் பெரியவர்களும் இந்தப் பகுதியில் நிறைய. பட்டியல் போடும்போது 'நம்ம பாட்டு' எது என்று நீங்களாக முடிவுகட்டி வெட்டிவிடாதீர்கள்.

ஒருவருக்கு 150 முதல் 200 பாட்டு போதும். ஒரு நாளைக்கு இரண்டு மணி நேரம் என்றால் கிட்டத்தட்ட 25 பாட்டு. 200 பாட்டு ஒரு சுற்று முடிய எட்டு நாள் ஆகும். பிடித்தது அடிக்கடி வரும், சலிக்கவும் சலிக்காது. ஆயிரம் ஏற்றினால் பிடித்த பாட்டு மறுபடி வர நாற்பது நாள் ஆகும், இடையில் பெட்டியை அணைத்துவிடுவார்கள்.

கார்டில் ஏற்றும் வேலை

இங்கேதான் பலர் மாட்டிக்கொள்கிறார்கள், அதனால் கொஞ்சம் விரிவாகவே பார்ப்போம்.

கார்டு 32 ஜிபிக்கு மேல் வேண்டாம். 64 ஜிபி கார்டுகள் கடையிலிருந்து வரும்போதே எக்ஸ்ஃபேட் முறையில் அமைத்து வரும். மலிவு செட்டுகளுக்கு அதைப் படிக்கத் தெரியாது. ஃபேட்32 முறையில் ஃபார்மேட் செய்த 8 அல்லது 16 ஜிபி கார்டு எந்தப் பெட்டியிலும் ஓடும். பாட்டுக் கோப்பின் தரத்தைச் சொல்லும் அளவு கேபிபிஎஸ். 128 கேபிபிஎஸ் எம்பி3 என்றால் ஒரு நிமிடத்துக்கு ஏறத்தாழ 1 எம்பி, 320 என்றால் 2.4 எம்பி. ஐந்து நிமிடப் பாட்டு இருநூறு என்பது 128-ல் 1 ஜிபி, 320-ல் 2.4 ஜிபி. உள்ளங்கை அளவு ஸ்பீக்கரில் இந்த இரண்டுக்கும் வித்தியாசம் தெரியாது. நல்ல ஹெட்செட்டில் நாகஸ்வரம் கேட்பவருக்குத் தெரியும், அவருக்கு 320 ஏற்றுங்கள். ஆனால் 128-ல் கிடைத்த பாட்டை 320-ஆக மாற்றுவதால் பயனில்லை. போன தரம் திரும்ப வராது, கோப்பு மட்டும் ஊதிப்போகும்.

போனில் ஓடுவதெல்லாம் பெட்டியில் ஓடாது. போன் ரெக்கார்டரில் பதிந்தது பெரும்பாலும் எம்4ஏ கோப்பாக இருக்கும், வாட்ஸ்அப் குரல் செய்தி ஓபஸ் வடிவத்தில் இருக்கும். பல ரேடியோ செட்டுகள் இரண்டையும் சத்தமில்லாமல் தாண்டிப் போய்விடும். ஏற்றுவதற்கு முன் எல்லாவற்றையும் எம்பி3 ஆக்குங்கள். ஆடாசிட்டி என்ற இலவச மென்பொருள் போதும், எம்4ஏவுக்கும் ஓபஸுக்கும் அதனோடு எஃப்எஃப்எம்பெக் என்ற துணை நிரலையும் நிறுவிக்கொள்ளுங்கள். வாட்ஸ்அப்பில் ஒருவருக்கொருவர் பாட்டு அனுப்பும்போது 'ஆவணம்' என்ற வழியில் அனுப்பினால் கோப்பு பெயர் மாறாமல், தரம் குறையாமல் போய்ச் சேரும்.

வரிசை குலைவது அடுத்த சிக்கல். பெயரில் 001, 002 என்று எண் போட்டும் பாட்டு முன்பின்னாக ஓடுகிறதென்றால், அந்தப் பெட்டி பெயரைப் பார்ப்பதில்லை, கார்டில் எது முதலில் எழுதப்பட்டதோ அதையே முதலில் ஓட்டுகிறது என்று அர்த்தம். கார்டை ஃபார்மேட் செய்துவிட்டு, கணினியில் பெயர் வரிசைப்படி வைத்து, ஃபோல்டர் ஃபோல்டராக அந்த வரிசையிலேயே ஏற்றுங்கள். நடுவில் ஒன்றை அழித்து இன்னொன்றைச் சேர்த்தால், காலியான இடத்தில் புதியது போய் உட்கார்ந்து வரிசை மறுபடி குலையும். மாற்றம் செய்வதானால் மொத்தத்தையும் அழித்துவிட்டு மறுபடி ஏற்றுவதே சுலபம்.

ஃபோல்டர்களை நேரத்தை வைத்துப் பிரியுங்கள், படத்தை வைத்து அல்ல. விடியலுக்கு ஒன்று, மதியத்துக்கு ஒன்று, படுக்கும் முன் ஒன்று, விருந்தாளி வந்தால் போட ஒன்று. கடைசியாகச் சொன்னது முக்கியம். ஒருவர் தனக்கென்று கேட்பதும் நாலு பேர் நடுவில் போடுவதும் வேறுவேறு. இரண்டும் ஒரே ஃபோல்டரில் கிடந்தால் சம்பந்தி வீட்டார் உட்கார்ந்திருக்கும்போது எது வந்து விழும் என்று சொல்ல முடியாது.

கோப்புப் பெயரைத் தமிழில் எழுதினால் சின்னத் திரையில் கட்டம் கட்டமாகத் தெரியக்கூடும். திரையே இல்லாத செட்டுக்கு அந்தக் கவலை இல்லை. திரை உள்ளதில் ஒரு பாட்டை ஏற்றிப் பார்த்துவிட்டு மற்றதற்குப் பெயர் வையுங்கள்.

பழைய பாட்டு மெல்லிசாகவும் புதிய பாட்டு காதைக் கிழிப்பதாகவும் ஒலிப்பது எல்லாக் கலவைப் பட்டியலிலும் வரும். எம்பி3கெயின் என்ற இலவச நிரலில் மொத்தப் பாட்டையும் போட்டு, அதில் முன்பே வைத்திருக்கும் 89 அளவுக்குச் சமன் செய்துகொள்ளுங்கள். அது பாட்டைத் திரும்பச் சுருக்காமல் சத்த அளவை மட்டும் மாற்றுவதால் தரம் கெடாது. முதியவருக்காக ஏற்றும் கார்டுக்கு இதைக் கட்டாயம் செய்யுங்கள். ஒவ்வொரு பாட்டுக்கும் திருகைத் தேட அவரால் முடியாது.

பரணில் கிடக்கும் கேசட்

முதல் வேலையாக கேசட்டின் முதுகில் உள்ள இரண்டு சின்ன பிளாஸ்டிக் நாக்குகளை உடைத்துவிடுங்கள். அவை இருக்கும்வரை கைதவறி ரெக்கார்டு பட்டனை அழுத்தினால் மேலே பதிந்துவிடும். அம்மாவின் குரல் இருந்த இடத்தில் மின்விசிறிச் சத்தம் பதிந்துபோனால் மீட்க வழியே இல்லை.

டெல்டா ஈரத்துக்கு கேசட் பூஞ்சை பிடிக்கும். கண்ணாடிப் பக்கம் பிடித்துப் பாருங்கள். நாடாச் சுருளின் மேல் வெள்ளைத் தூள் படிந்திருந்தால் அதை நல்ல செட்டில் போடாதீர்கள், பூஞ்சை நாடாவைப் படிக்கும் ஹெட்டில் ஒட்டி அடுத்த கேசட்டுக்கும் போகும். சிலிக்கா ஜெல் பொட்டலங்களோடு மூடிய டப்பாவில் ஓரிரு நாள் வைத்து ஈரத்தை இறக்குங்கள். நல்ல நாடாவாக இருந்தாலும் எடுத்ததும் ஓட்டாமல், முதலில் ஒரு கோடியிலிருந்து மறுகோடி வரை வேகமாகச் சுற்றிவிட்டுத் திருப்பிச் சுற்றுங்கள். பல வருடம் ஒட்டிக்கிடந்த அடுக்குகள் பிரியும். பழைய செட் இழுத்து அறுத்துவிடும் என்று பயமிருந்தால் ஆறு பட்டைப் பென்சிலைத் துளையில் விட்டுக் கையாலேயே சுற்றலாம்.

குரல் மூடிப்போட்டது போல் கேட்டால் இரண்டு காரணம் இருக்கும். ஹெட்டில் அழுக்கு, ஐசோபுரோபைல் ஆல்கஹால் தொட்ட பஞ்சால் துடைத்தால் சரியாகும். அல்லது நாடாவை ஹெட்டோடு அழுத்தும் சின்னப் பஞ்சுத் திண்டு கேசட்டுக்குள் உதிர்ந்திருக்கும். திருகு உள்ள கேசட்டானால் ஐந்து திருகையும் கழற்றி, நாடாச் சுருளை அப்படியே வேறு ஒரு கேசட் கூட்டுக்குள் மாற்றுங்கள். அறுந்த நாடாவை சாதாரண செல்லோ டேப்பால் ஒட்டாதீர்கள். வெயில் காலத்தில் பசை கசிந்து பக்கத்து அடுக்கில் ஒட்டும். பாட்டின் வேகம் தள்ளாடினால் செட்டின் பெல்ட் தளர்ந்திருக்கிறது; ரேடியோ பழுது பார்ப்பவரிடம் புது பெல்ட் போட்டுக்கொண்ட பிறகே பதிவைத் தொடங்குங்கள்.

கணினியோடு இணைக்கும்போது ஒரு பொறி இருக்கிறது. இன்றைய லேப்டாப்களில் இருக்கும் ஒற்றைத் துளை ஹெட்செட்டுக்கானது. அதன் மைக் வழி மோனோவாக (இடம், வலம் பிரியாத ஒற்றை ஒலியாக) மட்டுமே எடுக்கும், சத்தமும் பிளந்து வரும். யுஎஸ்பியில் செருகும் ஆடியோ கேப்சர் குச்சி ஒன்று வாங்கி, செட்டின் லைன் அவுட்டிலிருந்து அதற்கு ஒயர் கொடுங்கள். லைன் அவுட் இல்லாத வாக்மேன் என்றால் ஹெட்செட் துளையிலிருந்து எடுத்து, சத்தத்தைப் பாதியில் வையுங்கள். ஆடாசிட்டியில் 44100 ஹெர்ட்ஸ் வைத்து, அளவுமானி உச்சத்தில் கழித்தல் 6 டெசிபலைத் தாண்டாமல் பார்த்துக்கொண்டு ஒரு பக்கம் முழுவதையும் நிறுத்தாமல் பதியுங்கள். முப்பது நிமிடப் பக்கம் 16 பிட் ஸ்டீரியோ வேவ் கோப்பாக 300 எம்பி அளவுக்கு வரும். பதியும்போதே ஒவ்வொரு பாட்டு தொடங்கும் இடத்திலும் கன்ட்ரோல்–எம் அழுத்தி அடையாளம் வைத்தால் பின்னால் பிரிப்பது எளிது.

இரைச்சல் நீக்கும் வசதியைக் கண்டதும் கை பரபரக்கும். அதை 12 டெசிபலில் வைத்தால் குரல் தண்ணீருக்குள்ளிருந்து வருவதாகிவிடும். 6-க்குக் குறையுங்கள். நாகஸ்வரத்துக்கும் தவிலுக்கும் அதைத் தொடவே வேண்டாம். இரைச்சலோடு சேர்ந்து சீவாளியின் (நாகஸ்வரத்தில் ஊதும் நாக்கின்) கூர்மையும் போய்விடும்.

காசு கொடுத்து வாங்கிய கேசட்டைச் சொந்த உபயோகத்துக்குப் பதிவது வேறு, பிரதி எடுத்து விற்பது வேறு. இரண்டாவதைச் செய்யாதீர்கள்.

வீட்டுக் குரலையும் ஏற்றுங்கள்

எந்தக் கடையிலும் கிடைக்காத பாட்டு வீட்டில்தான் இருக்கிறது. நடவுக்குப் போன கைகள் பாடிய நடவுப் பாட்டு, மூன்று தலைமுறையாக அதே மெட்டில் வரும் தாலாட்டு, ஒப்பாரி. நடவு இயந்திரம் இறங்கிய வயல்களில் நடவுப் பாட்டு கேட்பதற்கில்லை. பாடத் தெரிந்தவர்கள் இருக்கும்போதே பதிந்துவிட வேண்டும்.

போனை விமானப் பயன்முறையில் போட்டு, மின்விசிறியை அணைத்து, வாய்க்கு நேராக அல்லாமல் சற்றுப் பக்கவாட்டில் ஒரு சாண் தூரத்தில் வையுங்கள். நேராக வைத்தால் 'ப', 'த' வரும் இடமெல்லாம் காற்று அடிக்கும். மோட்டார் கொட்டகையோ காலி அறையோ வேண்டாம், எதிரொலிக்கும். துணி காயும் கூடமோ, நெல் மூட்டை அடுக்கிய அறையோ நன்றாக இருக்கும். பாடச் சொல்லிவிட்டு எதிரே உட்கார்ந்து முறைக்காதீர்கள். கீரை ஆய்வதோ பூக்கட்டுவதோ, கைக்கு ஒரு வேலை கொடுத்தால் பாட்டு தானாக வரும்.

ஒப்பாரிக்கு மட்டும் முன்கூட்டியே சம்மதம் கேளுங்கள். சாவில்லாத வீட்டில் அதைப் பாடுவது ஆகாது என்று நினைப்பவர்கள் அதிகம். வாசலுக்கு வெளியிலோ களத்திலோ உட்கார்ந்து பாடுவதாக அவர்களே இடம் சொல்வார்கள். அந்தப் பதிவை மற்றப் பாட்டுகளோடு கலக்காமல் தனி ஃபோல்டரில் வையுங்கள். வெள்ளிக்கிழமை விளக்கேற்றும் நேரத்தில் அது தானாக ஓடிவிட்டால் அந்தப் பெட்டியையே வீட்டில் வைத்திருக்க விடமாட்டார்கள்.

ஹெட்செட் மாட்டியவர், மாட்டாதவர்

கூட்டுக் குடும்பத்தில் மருமகளாக வந்த பெண்ணுக்குத் தனக்கென்று ஓர் அறை இருக்காது. அடுப்படியில் ஒரு காதில் மாட்டிய ஹெட்செட்தான் அவளுக்குக் கிடைக்கிற தனி இடம். 'என்ன கேக்குற, குடு பாப்பம்' என்று பிடுங்கிப் பார்க்கும் பழக்கத்தை வீட்டார் விட்டுவிட வேண்டும். பதின்வயதுப் பிள்ளைக்கும் இதுவே. அவர்கள் கேட்பது தெரிய வேண்டுமென்றால் நீங்கள் கேட்பதை முதலில் கொடுங்கள், பதிலுக்கு அவர்களே கொடுப்பார்கள்.

அதே சமயம் காதில் மாட்டியிருப்பது 'இப்போது என்னோடு பேசாதே' என்று எதிரே இருப்பவருக்குப் படும். வாசலில் பெரியவர் வந்து நின்றால் பாட்டை நிறுத்தினால் மட்டும் போதாது, ஹெட்செட்டைக் கழற்ற வேண்டும். பாட்டு ஓடுகிறதா இல்லையா என்று அவருக்கு எப்படித் தெரியும்? சாப்பாட்டு நேரம், ராத்திரி எட்டு மணிக்கு மேல் ஒரு மணி நேரம் என்று எல்லோரும் கழற்றிவைக்கும் நேரம் ஒன்றை வீட்டில் பேசி வைத்துக்கொண்டால் சண்டை பாதி குறையும்.

இரண்டு பேர் சேர்ந்து கேட்க 3.5 மில்லிமீட்டர் ஸ்ப்ளிட்டர் ஒயர் இன்றும் கடைகளில் கிடைக்கிறது, விலையும் அதிகமில்லை. ஒரே துளை இரண்டு ஹெட்செட்டை ஓட்டுவதால் சத்தம் கொஞ்சம் குறையும். இரண்டும் ஒரே மாடலாக இருக்கட்டும், இல்லாவிட்டால் ஒருவருக்கு அதிகமாகவும் மற்றவருக்குக் குறைவாகவும் கேட்கும். தஞ்சாவூரிலிருந்து சென்னைக்கு ராத்திரி ரயிலில் போகும் அக்கா தங்கைக்கு இதைவிட நல்ல பொருள் கிடையாது.

சத்த அளவுக்கு உலக சுகாதார நிறுவனம் வைத்திருக்கும் கணக்கு: பெரியவர்களுக்கு 80 டெசிபலில் வாரம் 40 மணி நேரம், சிறுவர்களுக்கு 75-ல் 40 மணி நேரம். ஒவ்வொரு 3 டெசிபல் ஏறும்போதும் நேரம் பாதியாகும். 83-ல் 20 மணி, 86-ல் 10, 89-ல் 5. கையில் மானி இல்லாதவர் செய்ய வேண்டியது இது: அமைதியான அறையில் போனின் சத்தத்தை அறுபது சதவீதத்தில் வைத்துப் பாருங்கள். கை நீட்டும் தூரத்தில் இருப்பவருக்கு உங்கள் ஹெட்செட் பாட்டு புரிந்தால் அது அதிகம். பஸ்ஸில் சத்தத்தைக் கூட்டுவது பாட்டுக்காக அல்ல, இன்ஜின் இரைச்சலை முந்துவதற்காக. காதுத் துளையை நன்றாக அடைக்கும் ரப்பர் முனை போட்டால் இரைச்சல் உள்ளே வராது, கூட்டவும் தேவைப்படாது. கூட வரும் மூன்று அளவு முனைகளையும் போட்டுப் பாருங்கள். பலருக்கு நடு அளவு பொருந்துவதில்லை. இறங்கிய பிறகும் காதில் 'கிணீர்' என்று கேட்டுக்கொண்டிருந்தால் அன்றைக்கு அளவு மீறிவிட்டது.

சாலையில் நடக்கும்போதும் சைக்கிளிலும் ஒரு காது திறந்திருக்கட்டும். வண்டி ஓட்டும்போது எந்தக் காதிலும் வேண்டாம். ராத்திரி தண்ணீர் பாய்ச்ச வரப்பில் போகிறவர் ஹெட்செட்டை வீட்டிலேயே வைத்துவிட்டு டார்ச் எடுத்துப் போகட்டும். புல்லில் சரசரப்புக் கேட்பதுதான் அங்கே உயிரைக் காப்பது.

நாலு பேர் நடுவில் ஸ்பீக்கர்

மேட்டூர் வழக்கமாகத் திறக்கும் ஜூன் 12-ஐ ஒட்டிக் குறுவை நடவு தொடங்கும், அதன் பிறகு சம்பா. நடவு வயலுக்கு ஸ்பீக்கர் கொண்டுபோனால் வரப்பில் ஒரு குச்சி நட்டு இடுப்பு உயரத்தில் தொங்கவிடுங்கள். சேற்றில் வைத்தால் சார்ஜ் துளைக்குள் மண் போகும். திறந்தவெளியில் தூரம் இரட்டிப்பானால் சத்தம் 6 டெசிபல் இறங்கும். அதனால் ஒரு பெரிய ஸ்பீக்கரை அலறவிடுவதைவிட, ப்ளூடூத்தில் ஜோடி சேரும் சின்ன ஸ்பீக்கர் இரண்டை வரிசையின் இரு கோடியில் வைப்பது மேல். நடவாட்கள் பேசிக்கொண்டே வேலை செய்வார்கள். அந்தப் பேச்சை முழுங்காத அளவே சரியான அளவு. யார் பாட்டு என்பதை முறைவைத்து மாற்றுங்கள், இந்த வயலுக்கு ஒருவர், அடுத்த வயலுக்கு இன்னொருவர். மேஸ்திரியின் போன் மட்டுமே நாள் முழுக்க ஓடினால் மற்றவர்கள் பாடவும் மாட்டார்கள், கேட்கவும் மாட்டார்கள்.

தெருவில் சாவு விழுந்தால் எடுக்கும்வரை பாட்டு கூடாது. இதை யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. ஆனால் ப்ளூடூத் ஸ்பீக்கரை 'ஆன்' செய்ததும் பழைய பாட்டு தானாக ஓடத் தொடங்கும் செட்டுகள் உண்டு. அப்படிப்பட்ட செட்டில் கார்டைக் கழற்றி வைத்துவிடுங்கள்.

சட்டப்படி குடியிருப்புப் பகுதியில் பகலில் 55, இரவில் 45 டெசிபல். இரவு 10 முதல் காலை 6 வரை திறந்தவெளியில் ஒலிபெருக்கி கூடாது. 2000-ம் ஆண்டு ஒலி மாசு விதிகள் சொல்வது இது. அதைவிடப் பெரிய ஆபத்து சில பாட்டுகளில் இருக்கிறது. சாதிப் பெருமை பாடும் பாட்டை வேறு தெரு வழியே போகும்போது சத்தம் கூட்டிப் போடுவது பாட்டுக் கேட்பதல்ல, சண்டைக்கு இழுப்பது. டிராக்டர், பஸ் பென் டிரைவ்களில் அவற்றை ஏற்றவே கூடாது. நண்பர் கொடுத்த கார்டை அப்படியே செருகாமல், என்ன இருக்கிறதென்று ஒருமுறை பார்த்துவிட்டுச் செருகுங்கள்.

பெட்டி கெடாமல் இருக்க

சின்ன ரேடியோ செட்டுகளில் பெரும்பாலும் பிஎல்–5சி பேட்டரி இருக்கும், பழைய நோக்கியா போனில் போட்ட அதே 3.7 வோல்ட் பேட்டரி. அதனால் மாற்றுவது சுலபம். பெரிய ஸ்பீக்கர்களில் 18650 என்ற உருளை வடிவ செல். இரண்டையும் 5 வோல்ட் 1 ஆம்பியர் சார்ஜரில் போடுங்கள். பேட்டரி உப்பியிருந்தால், மேசை மேல் வைத்துச் சுற்றினால் பம்பரமாகச் சுற்றும். அதைக் குத்தவும் கூடாது, குப்பையில் போடவும் கூடாது. பழைய போன் வாங்கும் கடையில் கொடுத்துவிடுங்கள். வரப்பு வெயிலிலும் டிராக்டர் டேஷ்போர்டிலும் விட்டால் பேட்டரி ஆயுள் வேகமாகக் குறையும். ஐப்பசி, கார்த்திகை மழையில் மாதக்கணக்கில் எடுத்துவைப்பதானால் பாதி சார்ஜில், சிலிக்கா ஜெல் போட்ட டப்பாவில் வையுங்கள்.

வீட்டுக் குரல் பதிந்த கார்டை மட்டும் நம்பாதீர்கள். வருடக்கணக்கில் மின்சாரம் காணாத கார்டில் பதிவு அழிய வாய்ப்புண்டு. அசல் வேவ் கோப்பை ஹார்டு டிஸ்கில் ஒன்று, வேறு ஊரில் இருக்கும் அண்ணன் அல்லது அத்தை வீட்டில் ஒன்று என இரண்டு பிரதி வையுங்கள். வருடம் ஒருமுறை பொங்கலுக்குக் கூடும்போது திறந்து ஓடுகிறதா என்று பார்த்து, புதுக் கார்டுக்கு மாற்றுங்கள். ஒவ்வொரு பதிவின் பெயரிலும் பாடியவர், ஊர், தேதி மூன்றும் இருக்கட்டும். 'புதிய பதிவு 14' என்று விட்டால் பத்து வருடம் கழித்து அது யார் குரல் என்று வீட்டிலேயே ஆளுக்கு ஒன்று சொல்வார்கள்.